ஆமையாருக்கு வெச்ச ஆப்பு

உக்காருங்க சார், உக்காருங்க. அந்த நாற்காலி வேண்டாம், கால் ஆடும். இப்படி வாங்க. நீங்களும் ஆமைக் குரலுக்குத்தான் வந்திருக்கீங்களா? ஓ, மிமிக்ரி பண்றவரா? திண்டுக்கல்லா? நல்லது, நல்லது. திருவிழா மேடையெல்லாம் ஏறுவீங்க. நான் யாரையும் குறை சொல்ற ஆள் இல்லை சார், ஆனா இந்த மிமிக்ரிக்காரங்க வந்துதான் எங்க டப்பிங் தொழிலே நாசமாப் போச்சு. உங்களைச் சொல்லல, பொதுவா சொல்றேன். என்ன நான் சொல்றது?

கூப்பிட இன்னும் நேரமாகும். உள்ள மைக் ஏதோ மக்கர் பண்ணுது. முதல்ல என்னைக் கூப்பிடுவாங்க, அடுத்து உங்களை. அந்த ரிசப்ஷன் பொண்ணுகிட்ட கேட்டுட்டேன். அது என்னைப் பாத்துச் சிரிக்குது. வந்ததுலேருந்து சிரிக்குது. வாயைத் திறந்து ‘பாத்ரூம் எங்கம்மா’ன்னு கேட்டேன், அதுக்கே சிரிப்பு. இந்தக் காலத்துப் பிள்ளைங்களுக்கு மட்டு மரியாதை ஏது?

என் பேர் ஏகாம்பரம். கேள்விப்பட்டிருக்க மாட்டீங்க. டப்பிங்ல பேசறவன் பேரை எவன் போடறான்? ஆனா குரலைக் கேட்டிருப்பீங்க. ஞாயித்துக்கிழமை காலையில டிவியில ‘முதுகுத் தீவு’ன்னு ஒரு கார்ட்டூன் வருமே, ஞாபகம் இருக்கா? வெளிநாட்டுக் கதை, அந்த ஊர்ல அது ரொம்பப் பழைய சிறுவர் கதையாம். ஒரு சின்னப் பொண்ணு கப்பல் உடைஞ்சு தீவுல ஒதுங்குவா. கூடாரம் போடலாம்னு முளை அடிப்பா. ‘ஐயோ, என் முதுகு!’ன்னு தீவு கத்தும். பாத்தா அது தீவு இல்லை, கடலளவு ஆமை. முதுகு மேல தென்னை மரம், நண்டுங்களோட ராஜாங்கம், எல்லாம் இருக்கும். அந்த ஆமையார் நான்தான்.

ஆ, பாத்தீங்களா, முகம் மாறுது! ‘பொறு கண்ணு, நாலு காலும் இருக்கான்னு பாத்துக்கறேன்.’ சொல்லியிருப்பீங்க, உங்க பிள்ளைங்க சொல்லியிருக்கும். அது அந்தக் கதையில இல்லவே இல்லை சார். மூலத்துல ஆமை ஒரு கொட்டாவி விட்டுட்டு ‘சரி’ன்னு மட்டும் சொல்லும். நம்மாளு தமிழ்ல ‘சரி’ன்னு எழுதிக் கொடுத்துட்டான். வசனம் முடிஞ்சு போச்சு, ஆமை வாய் ஓடிக்கிட்டே இருக்கு. எதையாவது போட்டு ரொப்பணுமே, நான் அதைச் சொன்னேன். அவ்வளவுதான், தமிழ்நாடு பூரா பிடிச்சுக்கிச்சு. எங்க குடியிருப்புல எனக்குப் பேரே ஆமைத் தாத்தா. தாத்தான்னு கூப்பிடறது எனக்குப் பிடிக்காது, ஆனாலும் கூப்பிடட்டும்னு விட்டேன்.

போன தை மாசம் ஜெனிஃபர் போன் பண்ணிச்சு. உள்ள இருக்கே, அந்தப் பொண்ணுதான். டப்பிங் இன்சார்ஜ். யார் எதுக்குப் பேசணும், எப்படிப் பேசணும், எல்லாம் அது கையில. “சார், முதுகுத் தீவை நிஜப் படமா எடுத்திருக்காங்க. நிஜக் கடல், நிஜப் பொண்ணு. ஆமை மட்டும் கம்ப்யூட்டர். தமிழ்லயும் வருது. ஆமையாருக்கு நீங்க வந்து பேசிக் கொடுக்கணும்”னுச்சு.

எனக்கு எப்படி இருக்கும், சொல்லுங்க. கார்ட்டூன்னா இளக்காரம். ‘ஏதோ பொம்மைப் படத்துக்குப் பேசறாராம்’பாங்க. இது தியேட்டர்ல வர்ற படம், பெரிய திரை. நான் இஸ்திரி போடறவர்லேருந்து பால் பூத்துக்காரர் வரைக்கும் சொல்லிட்டேன். என் வீட்டுக்காரி புனிதவதி கேசரி கிண்டி மாடி மாடியாக் கொடுத்தா. அவ அண்ணன் திருஞானம், மயிலாடுதுறையில உரக்கடை வெச்சிருக்கான், அவன் கேள்விப்பட்டு அடுத்த பஸ்ஸைப் பிடிச்சு வந்துட்டான். கையில பொன்னாடை. என் தோள்ல போத்திட்டு “மாப்ளே, சந்தோஷம்”னான். அவ்வளவுதான். ஒரே வார்த்தை. அமுக்கன் சார் அவன்.

அவனைப் பத்திச் சொல்லணும். அவன் வீட்டுக் கிரகப்பிரவேசத்துல, வந்திருந்த அத்தனை பேர் முன்னாடியும் என் கையைப் பிடிச்சு இழுத்துட்டுப் போயி, “இவர் யார் தெரியுமா? நம்ம பிள்ளைங்க பாக்குதே, அந்த ஆமை! இவர்தான் ஆமை!”ன்னான். எல்லாரும் கை தட்டினாங்க. நான் கூனிக் குறுகிட்டேன். மாப்பிள்ளையைப் பாத்து ஆமைன்னு சொல்வானா ஒருத்தன்? குழந்தைங்களைக் கூட்டி வந்து என் மடியில உக்கார வெச்சு, பேசிக் காட்டச் சொன்னான். சர்க்கஸா நான்? அதை மனசுல வெச்சுக்கிட்டேன். நான் எதையும் மறக்கற ஆள் இல்லை.

சரி, ஸ்டுடியோவுக்கு வர்றேன். ஹெட்போனை மாட்டிக்கிட்டேன். திரையில ஆமை வந்துச்சு. ஐயே! கார்ட்டூன்ல பச்சைப் பசேல்னு, கண்ணு ரெண்டும் உருண்டையா, அழகா இருக்கும். இதுல நிஜ ஆமையாம். கழுத்துல சுருக்கம், கண்ணு ஓரம் பீளை, மூக்குல பாசி. பிள்ளைங்க பாத்தா ஜுரம் வந்துடும். இருக்கட்டும், நம்ம குரல்ல தூக்கி நிறுத்திடலாம்னு தொண்டையைக் கனைச்சேன். அப்ப ஜெனிஃபர் மைக்ல சொல்லுது: “சார், ரொம்ப மெனக்கெட வேண்டாம். டிராக் தானே.”

டிராக்னா என்னன்னு உங்களுக்குத் தெரியுமோ என்னமோ. பெரிய நடிகர் டப்பிங் பேச வர்றார்னா அவருக்கு நேரம் இருக்காது. வாயசைவுக்குப் பொருத்திப் பேசவும் வராது. அதனால எங்களை மாதிரி ஒருத்தன் முன்னாடியே படம் பூரா பேசி வெச்சிடணும். அந்தப் பெரிய மனுஷன் வந்து, நாங்க பேசினதைக் காதுல கேட்டு, ஒவ்வொரு வரியா அப்படியே திருப்பிச் சொல்வார். அப்புறம் எங்க குரலை அழிச்சிடுவாங்க. சமைச்சு வெச்சுட்டு நாம வெளிய போயிடணும், பந்தியில வேற ஆள் பரிமாறுவான். போச்சு, போச்சு.

“யாருக்கும்மா டிராக்?”ன்னேன். “ருத்ரேஷுக்கு சார். உங்களுக்குத் தெரியும்னு நினைச்சேன்”னுச்சு. ருத்ரேஷ்! பனியனைக் கிழிச்சுக்கிட்டுப் பத்துப் பேரை அடிப்பானே, அவன். என் ஆமைக்கு அவன்! கேசரி சாப்பிட்ட அத்தனை பேர் முகமும் கண்ணு முன்னாடி வந்துச்சு. கழட்டி வீசிட்டுப் போயிடலாம்னு ஹெட்போன்ல கை வெச்சேன்.

அப்பப் பாத்து அவனே வந்துட்டான். சும்மா போட்டோ எடுத்துக்கிட்டுப் போக வந்தானாம். குட்டி நாய் ஒண்ணு கக்கத்துல. ஜெனிஃபர் என்னை அறிமுகப்படுத்துச்சு: “சார்தான் கார்ட்டூன்ல ஆமையார்.” அவன் என்னை மேலயும் கீழயும் பாத்துட்டு என்ன சொன்னான் தெரியுமா? “அப்படியா அங்கிள்? சின்ன வயசுல விடாம பாப்பேன். அது ஒரு லேடி பேசினதுன்னுல்ல நினைச்சேன்!”

லேடி. லேடியாம்.

சிரிக்காதீங்க சார். வயிறு எரியுது எனக்கு இன்னும். அவன் சிரிச்சான், அவன் கூட வந்தவன் சிரிச்சான், நானும் பல்லைக் காட்டினேன். காட்டிக்கிட்டே மனசுக்குள்ள சொன்னேன்: இருடா மவனே. உன்னைப் பாத்து ஊரே கைகொட்டிச் சிரிக்க வைக்கலைன்னா என் பேர் ஏகாம்பரம் இல்லை.

டீக்கு விட்டாங்க. அந்த மாடிப்படிக்குக் கீழ நின்னு யோசிச்சேன். அவன் என்ன பண்ணப் போறான்? நான் பேசறதை அப்படியே திருப்பிச் சொல்லப் போறான். சொந்தமா ஒரு மண்ணும் தெரியாது. அப்ப நான் எப்படிப் பேசறேனோ அப்படித்தான் அவனும் பேசியாகணும். நான் கோணலாப் பேசினா அவனும் கோணல். நான் ஆமையை அசிங்கப்படுத்தினா, படம் பூரா அசிங்கப்படப் போறது அவன்! புரியுதா? சமையல்ல உப்பை அள்ளிக் கொட்டிடலாம், பரிமாறினவனைத்தானே திட்டுவாங்க? எனக்கு அந்த டீ அமிர்தமா இருந்துச்சு சார்.

இப்ப, உலகத்துலயே கேக்கச் சகிக்காத பேச்சு யாரோடது? எனக்கு யோசிக்கவே வேண்டியிருக்கலை. என் மச்சான் திருஞானம். ஒரே கல்லுல ரெண்டு பேரையும் அடிச்சிடலாம்.

அவன் எப்படிப் பேசுவான்னு கேளுங்க. எடுத்ததும் ‘நான் யாரையும் குறை சொல்ற ஆள் இல்லை’ம்பான். சொல்லிட்டு ஊர்ல ஒருத்தரையும் விட மாட்டான். ஒரு வார்த்தையை ரெண்டு தடவை சொல்வான். நாம கேக்கறோமான்னு நடுநடுவுல ‘என்ன நான் சொல்றது’ன்னு ஒரு குத்து. குரல்ல ஒரு இழுவை இருக்கும். உலகமே சேர்ந்து அவனை வஞ்சிச்சிட்ட மாதிரி ஒரு மூக்கால அழற இழுவை. அவன் எங்க அப்படிப் பேசி நீங்க கேட்டீங்கன்னு புனிதவதி கேப்பா. அவதான் அண்ணன் பக்கமாச்சே! வாயைத் திறந்தாத்தானே கேக்கறதுக்கு? அவன்தான் அமுக்கனாச்சே. ஆனா பேசினான்னா அப்படித்தான் பேசுவான். அந்த மாதிரி ஆளுங்க எல்லாம் அப்படித்தான் பேசுவாங்க. எனக்குத் தெரியாதா? நான் குரலை வெச்சுப் பிழைக்கிறவன்.

டீ முடிஞ்சு போனேன், ஆரம்பிச்சேன். எங்கெல்லாம் வாய் ஓடுதோ அங்கெல்லாம் ஒரு ‘குறை சொல்ற ஆள் இல்லை’. அந்தப் பொண்ணு முளை அடிக்குதா, ‘நான் யாரையும் குறை சொல்ற ஆள் இல்லைம்மா, ஆனா அது என் முதுகு.’ நண்டு ராஜா சண்டைக்கு வருதா, ‘பெரிய மனுஷன் நீ, பெரிய மனுஷன். பக்கவாட்டுல நடக்கறியே, என்ன நான் சொல்றது?’ கஷ்டமே படலை சார். தண்ணி மாதிரி வந்துச்சு. கார்ட்டூனுக்குப் பேசினப்ப ராத்திரி தொண்டை கட்டிக்கும். இதுக்கு ஒண்ணுமே ஆகல. வஞ்சம்னு வந்துட்டா உடம்புல ஒரு தெம்பு வந்துடும்போல.

ஜெனிஃபர் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் விழுந்து விழுந்து சிரிச்சுது. “சார், இது ரொம்ப இயல்பா இருக்கு, இப்படியே போங்க”ன்னுச்சு. படிச்ச பொண்ணு! ஆப்பு வைக்கிறது கண்ணுக்கு நேரா தெரியுது, அதுக்கு இயல்பாம். நல்லதாப் போச்சுன்னு நானும் போயிட்டே இருந்தேன்.

கடைசிக் காட்சி ஒண்ணு. ஆமைக்கு வயசாகித் தண்ணிக்குள்ள போகப் போகுது. அந்தப் பொண்ணு வளந்து பெரியவளாகித் தேடிக்கிட்டு வந்திருப்பா. மூலத்துல ஆமை எதுவும் பேசாது, வாயை மட்டும் மெல்லும். என்னத்தையாவது போடுங்க சார்ன்னாங்க. சரி, கடைசி வரைக்கும் அந்த இழுவையை விடக் கூடாதுன்னு போட்டேன்: ‘நான் யாரையும் குறை சொல்ற ஆள் இல்லை கண்ணு. ஆனா நீ கொஞ்சம் முன்னாடியே வந்திருக்கலாம்.’ சாகும்போதும் புலம்பிட்டே சாகட்டும், தியேட்டரே கூவும்னு கணக்குப் போட்டேன்.

ருத்ரேஷ் பேசின அன்னிக்கு நானும் வந்து பின்னாடி உக்காந்துக்கிட்டேன். பலி கொடுக்கறதை நேர்ல பாக்க வேண்டாமா? அவனும் ரொம்பப் பவ்யமா ஹெட்போனைப் போட்டுக்கிட்டான். நான் இழுத்த இடத்துல இழுத்தான். நான் மூச்சு வாங்கின இடத்துல வாங்கினான். ஒரு இடத்துல எனக்கு நிஜமாவே இருமல் வந்திருந்துச்சு, அதை வெட்ட மறந்துட்டாங்க. அதையும் இருமினான் சார்! சரியா வரலைன்னு மறுபடி இருமினான். “அங்கிள் இருமல் மாதிரி வரல, இன்னொரு டேக் போலாம்”ங்கறான். எனக்குச் சிரிப்பை அடக்கவே முடியல. அடப்பாவி, உனக்கு நீயே குழி தோண்டறியேன்னு கர்ச்சீப்பை வாயில வெச்சுக்கிட்டேன். போகும்போது என் கையைப் பிடிச்சு “தேங்க்ஸ் அங்கிள்”னான். நல்லாச் சொல்லு, படம் வரட்டும்னு நினைச்சுக்கிட்டேன்.

படம் வந்துச்சு. பள்ளிக்கூட லீவு. முதல் நாளே நானும் புனிதவதியும் போனோம். இந்த மச்சானும் ஊர்லேருந்து கிளம்பி வந்துட்டான், எங்களுக்கும் சேத்து டிக்கெட் போட்டுட்டான். நடுவுல அவன், இந்தப் பக்கம் நான். வாடா வா, உன் லட்சணத்தை நீயே கேளுன்னு உக்காந்தேன். தியேட்டர் பூரா பிள்ளைங்க.

ஆமை வாயைத் திறந்துச்சு. ‘நான் யாரையும் குறை சொல்ற ஆள் இல்லைம்மா, ஆனா அது என் முதுகு.’ கொல்லுனு சிரிப்பு! எனக்குப் புல்லரிச்சுது. தீந்தான் ருத்ரேஷ், மானம் கப்பலேறிடுச்சுன்னு நினைச்சேன். அடுத்த வசனத்துக்கும் சிரிப்பு. அப்புறம் பாருங்க, ஆமை வந்தாலே பிள்ளைங்க கைதட்டுது. ஆமை இல்லாத காட்சியில ‘ஆமை எங்க, ஆமை எங்க’ன்னு கத்துது. எனக்குக் கொஞ்சம் இடிச்சுது. கிண்டல் பண்றதுன்னா இப்படியா கைதட்டுவாங்க?

கடைசிக் காட்சி வந்துச்சு. ‘நீ கொஞ்சம் முன்னாடியே வந்திருக்கலாம்.’ சொல்லிட்டு ஆமை தண்ணிக்குள்ள போகுது. ஒருத்தரும் கூவல சார் தியேட்டர்ல. முன் வரிசையில ஒரு அம்மா குழந்தையைக் கட்டிக்கிட்டுத் தேம்புறா. புனிதவதி முந்தானையால முகத்தைப் பொத்திக்கிட்டா. திருஞானம் கண்ணாடியைக் கழட்டித் துடைக்கிறான். வைக்க வேண்டிய இடத்துல நான் வெச்ச ஆப்பு, மாலையாகி ருத்ரேஷ் கழுத்துல விழுந்துடுச்சு. நான் ஒருத்தன்தான் பல்லைக் கடிச்சுக்கிட்டு உக்காந்திருந்தேன்.

வெளிய வந்ததும் புனிதவதி என் கையைப் பிடிச்சுக்கிட்டு, “என்னங்க, உங்களை அப்படியே உரிச்சு வெச்சிருக்கே! வீட்டுல நீங்க பொலம்புற மாதிரியே! பாவம், உங்க மேல நான் எத்தனை தடவை எரிஞ்சு விழுந்திருக்கேன்”னு அழறா. எனக்குச் சுர்ருன்னு ஏறிடுச்சு. கட்டின பொண்டாட்டி சொல்ற வார்த்தையா அது? நான் பொலம்புறேனா? நான் இழுக்கறேனா? அண்ணனைக் காப்பாத்த என்னைப் பிடிச்சுத் தள்றா. அந்த அண்ணன் வேற, “மாப்ளே, நீங்க பேசற மாதிரியே இருந்துச்சு. பெருமையா இருக்கு”ன்னு தோள்ல கை வைக்கிறான். குத்தல்! தன் பேச்சு தனக்கே தெரிஞ்சு போச்சு, அதை என் தலையில கட்டறான். கையைத் தட்டி விட்டுட்டு ஆட்டோ பிடிச்சுத் தனியா வந்துட்டேன். அன்னிலேருந்து புனிதவதியோட பேச்சு வார்த்தை கிடையாது. தட்டை வெப்பா, சாப்பிடுவேன். அவ அழுதா அழட்டும்.

அப்புறம் ஊரே அந்தப் பேச்சுதான். பஸ்ல, கல்யாண வீட்டுல, பள்ளிக்கூட வாசல்ல, எங்க பாத்தாலும் ‘நான் யாரையும் குறை சொல்ற ஆள் இல்லை.’ டிவியில ருத்ரேஷைப் பேட்டி எடுக்கறாங்க. இந்தக் குரலை எங்க பிடிச்சீங்கன்னு கேக்கறா அந்த டிவிப் பொண்ணு. “எங்க கிராமத்துல வரப்புல ஒரு பெரியவர் உக்காந்திருப்பார். அவரை மனசுல வெச்சுப் பேசினேன்”ங்கறான்! பொறந்தது வளந்தது எல்லாம் அண்ணா நகர் சார். வரப்புன்னா எங்க இருக்குன்னு கேட்டுப் பாருங்க அவனை.

இதுல எனக்கு இன்னொரு தலைவலி. காய்கறிக் கடையில போயி ‘அரைக் கிலோ கத்திரிக்காய் கொடுப்பா, போன தடவை சொத்தை, நான் குறை சொல்லல’ன்னா, கடைக்காரன் “ஐயா, ருத்ரேஷ் மாதிரியே பண்றீங்களே, இன்னொரு தடவை சொல்லுங்க”ங்கறான். எங்க குடியிருப்புப் பிள்ளைங்க இப்ப என்னை ஆமைத் தாத்தாங்கறதில்லை. ‘ருத்ரேஷ் தாத்தா’ங்குது. அந்தக் குரல் ஊர் பூரா நோய் மாதிரிப் பரவிக்கிடக்கு, எவன் பேசினாலும் அதுதான் காதுல விழுது. என்ன நான் சொல்றது?

அதான் இன்னிக்கு வந்திருக்கேன். படத்தை வெச்சு டிவி தொடர் ஒண்ணு பண்றாங்கல்ல? ருத்ரேஷுக்கு நேரமில்லையாம், அவனை மாதிரியே பேசற ஆள் வேணுமாம். ‘மாதிரியே’! பண்ணினவனே நான்தானேடா! உள்ள போறேன், பேசறேன், என் ஆமையைத் திருப்பி வாங்கறேன். அப்புறம் ஒவ்வொரு பேட்டியிலயும் போயி அவன் வண்டவாளத்தைத் தண்டவாளத்துல ஏத்தறேன். பேர் வேற போடுவாங்களாம் சார் இந்தத் தடவை. தொடர் ஆரம்பிக்கும்போதே, திரையில. இத்தனை வருஷம் பேசி, என் பேரை நான் திரையில பாத்ததே இல்லை.

ஆ, கூப்பிடறாங்க. இந்தப் பையைக் கொஞ்சம் பாத்துக்கோங்க. வந்துடறேன், வந்துடறேன்.

என்ன சார், அங்கேயே உக்காந்திருக்கீங்க? பை இருக்கா? தண்ணி பாட்டில் இருந்தாக் கொடுங்க.  கோபம். வேற ஒண்ணுமில்லை.

சொல்றேன், இருங்க. உள்ள பம்பாய்க்காரன் ஒருத்தன், தொடர் எடுக்கற கம்பெனி ஆளாம், கம்ப்யூட்டர் திரையில உக்காந்திருக்கான். தமிழ் தெரியும்போல, அரைகுறையாப் பேசறான். ருத்ரேஷ் பேசினதைப் போட்டுக் காட்டினாங்க. அதே மாதிரி பேசச் சொன்னாங்க. நான் மச்சானை மனசுல நிறுத்திக்கிட்டு, மூக்கைச் சுருக்கி, தோளைக் குறுக்கி, பிரமாதமா இழுத்தேன் சார். கேட்டுட்டு அந்தப் பம்பாய்க்காரன் சொல்றான்: “பரவாயில்லை. ஆனா நடிக்கிற மாதிரி இருக்கு. ருத்ரேஷ் கிட்ட இருக்கிற உயிர் இல்லை.” யார்கிட்ட யார் உயிர்? என் இருமலை இருமினவன்யா அவன்!

நான் கத்தப் போனேன். அதுக்குள்ள ஜெனிஃபர் எந்திரிச்சு அந்தத் திரையை அணைச்சுட்டு என்கிட்ட வந்துச்சு. பக்கத்துல உக்காந்துச்சு. “சார், ஒண்ணு கேப்பேன், கோச்சுக்காதீங்க. டிராக்ல நீங்க பேசினது உங்க சொந்தப் பேச்சுதானே? இப்ப ஏன் நடிக்கிறீங்க? வெளிய அந்தத் திண்டுக்கல்காரர்கிட்ட நீங்க பேசிட்டிருந்ததை வாசல்ல நின்னு கேட்டேன். அதுதான் சார் ஆமையார். அவங்ககிட்ட நான் சொல்லிடறேன், ருத்ரேஷ் எடுத்ததே இவர்கிட்டேருந்துதான், மூல ஆளே இவர்தான்னு. டெஸ்டே வேண்டாம். உங்க பேரைப் போட வெக்கிறேன். ‘ஆமா, அது என் பேச்சுதான்’னு மட்டும் அவங்க முன்னாடி சொல்லுங்க”ன்னுச்சு.

 பேர். ஆமையாரும் என்கிட்டயே வந்துடுவார். ருத்ரேஷ் மூஞ்சியில கரி. எல்லாம் கைக்கு எட்டற தூரத்துல இருக்கு, ஒரே ஒரு ‘ஆமா’.

ஆனா யோசிச்சுப் பாருங்க. ‘ஆமா’ன்னு சொன்னா என்ன அர்த்தம்? ஊரெல்லாம் சிரிக்குதே, அந்தப் பொலம்பல், அந்த மூக்கால அழறது, கண்டவனை எல்லாம் குறை சொல்றது, அது நான்னு ஆகாதா? புனிதவதி சொன்னது சரின்னு ஆகாதா? அந்தத் திருஞானம் ஜெயிச்சுட்டான்னு ஆகாதா? நான் நிமிந்து உக்காந்து சொன்னேன்: “அம்மா, அது என் பேச்சு இல்லை. மயிலாடுதுறையில உரக்கடை வெச்சிருக்கானே, என் மச்சான், அவன் பேச்சு. நான் அப்படிப் பேசற ஆளா? என்னைப் பாத்தா அப்படியா தெரியுது?”  “இன்னொரு தடவை யோசிங்க சார்”னுச்சு. யோசிக்க என்ன இருக்கு? எந்திரிச்சு வந்துட்டேன். தலை குனியல சார். ஒத்துக்கவே இல்லை. கடைசி வரைக்கும் ஒத்துக்கவே இல்லை.

கண்ணுல தண்ணியா? ஏசி சார். அந்த ரூம்ல ஏசி ஜாஸ்தி.

ஏன் சார் நீங்க இப்படிப் பரிதாபமாப் பாக்கறீங்க? எனக்கு என்ன நஷ்டம்? உங்களை இப்பக் கூப்பிடுவாங்க. நல்லாப் பண்ணுங்க. மனசாரச் சொல்றேன், நீங்க பண்ணுங்க, அந்தத் தொடர் வருஷக்கணக்கா ஓடட்டும். வாரா வாரம் திருஞானம் வீட்டு டிவியில அவன் குரல் கேக்கட்டும். அதுக்காக ஒரு யோசனை சொல்றேன், கேட்டுக்கோங்க. நான் பண்ணின தப்பை நீங்க பண்ணாதீங்க. மூக்கைச் சுருக்காதீங்க, தோளைக் குறுக்காதீங்க. நடிச்சா அந்தப் பம்பாய்க்காரனுக்குப் பிடிக்கல.

அதோ, உங்க பேர்தான். போங்க சார். சும்மா சாதாரணமாப் பேசுங்க, போதும். இவ்வளவு நேரமா நான் உங்ககிட்டப் பேசிட்டிருந்தேனே, அந்த மாதிரி.